வேலைக்கு வராத ஊழியரும் நீதிமன்ற வழியும்

ஓர் ஊரில் பள்ளிக்கூடம் இருக்கிறது. ஆசிரியர் பதவியும் இருக்கிறது. ஆனால் ஆசிரியர் வருவதில்லை. மற்றோர் ஊரில் மேல்நிலைத் தொட்டி இருக்கிறது. நீர் ஏற்றும் மோட்டாரும் பழுதின்றி இருக்கிறது. ஆனால் அதை இயக்க வேண்டியவர் ஒரு மாதமாகத் தலைகாட்டவில்லை. இத்தகைய செய்தி கிராம சபையில் எழும்போது, "அவரை உடனே வேலையிலிருந்து நீக்கிவிடுங்கள்" என்ற குரலே முதலில் கேட்கிறது.

அந்தக் கோபம் நியாயமானதே. பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களில் ஆழ்துளைக் கிணற்று நீரையே நம்பி வாழும் ஊர்கள் பல. தொட்டி நிரம்பாத நாளில் பெண்கள் குடத்தைத் தூக்கிக்கொண்டு வயற்காட்டு மோட்டாரைத் தேடி நடக்கிறார்கள். மக்காச்சோளம் ஒடிக்கவோ, பருத்தி எடுக்கவோ, முந்திரிக் கொட்டை பொறுக்கவோ போக வேண்டியவர்களுக்கு அரைநாள் கூலி கெடுகிறது. சம்பளம் பெறும் ஒருவர் வராமையால் சம்பளமே இல்லாத ஐம்பது குடும்பங்கள் நட்டப்படுகின்றன.

ஆயினும், கோபத்தில் எழுதிய நீக்க உத்தரவு பல சமயங்களில் நீதிமன்றத்தில் நிற்பதில்லை. சில ஆண்டுகள் கழித்து அதே ஊழியர் தீர்ப்பு நகலோடு திரும்பி வருகிறார்; சில வழக்குகளில், வேலை செய்யாத காலத்திற்கும் ஒரு பகுதிச் சம்பளம் பெறுகிறார். அப்போது ஊரார், "கோர்ட்டே அவர் பக்கம் இருக்கும்போது நாம் என்ன செய்வது?" என்று சலித்துக்கொள்கிறார்கள். உண்மையில் நீதிமன்றம் எவர் பக்கமும் இருப்பதில்லை. உத்தரவு எவ்வழியாக வந்தது என்பதையே அது பார்க்கிறது. அந்த வழி யாது என்பதை ஊராட்சி உறுப்பினர்களும் விவசாயப் பெருமக்களும் அறிந்துகொள்வது நலம்.

அரசியலமைப்பு தரும் காப்பு

அரசு ஊழியர் அரசின் விருப்பம் உள்ளவரை பதவி வகிப்பார் என்பது அரசியலமைப்பின் 310ஆவது பிரிவு. அந்த விருப்பத்திற்கு 311ஆவது பிரிவு வரம்பு கட்டுகிறது. ஊழியரை நியமித்த அதிகாரிக்குக் கீழ்ப்பட்டவர் எவரும் அவரைப் பதவியிலிருந்து அகற்றலாகாது. குற்றச்சாட்டு இன்னது என்று அறிவித்து, விசாரணை நடத்தி, தம் பக்கத்தைச் சொல்ல நியாயமான வாய்ப்பு அளித்த பின்னரே அகற்றுதல் வேண்டும். மிகச் சில விலக்குகளே இதற்கு உண்டு.

நியாயமான வாய்ப்பு என்பதன் பொருளை உச்ச நீதிமன்றம் 1957ஆம் ஆண்டிலேயே விளக்கிற்று. குற்றத்தை மறுக்கவும், எதிர்ச் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யவும், தமக்காகச் சாட்சி கொடுக்கவும் ஊழியருக்கு இடம் இருத்தல் வேண்டும். தண்டனை எதுவென முடிவு செய்யுமுன் மற்றொரு முறை கேட்க வேண்டும் என்ற விதி, 1976இல் இயற்றப்பட்ட 42ஆவது திருத்தத்தால் எடுக்கப்பட்டது. ஆயினும், விசாரணை அறிக்கையின் நகலை ஊழியருக்குத் தந்தே தீர வேண்டும் என்று 1993இல் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது.

ஊராட்சி ஊழியர்களும் வாரிய ஊழியர்களும் 311ஆவது பிரிவுக்குள் நேராக வருவதில்லை. எனினும், "ஒருவர் பேச்சைக் கேளாமல் அவருக்குத் தீங்கு செய்யாதே" என்ற இயற்கை நீதி அவர்களுக்கும் உண்டு. நம் ஊர்ப் பெரியவர்கள் ஆலமரத்தடியில் அமர்ந்து வழக்குத் தீர்க்கும்போதும், "எதிராளியையும் கூப்பிடுங்கள்" என்றுதானே முதலில் சொல்வார்கள்? சட்டம் கேட்பதும் அதுவே.

ஜோத்பூர் வழக்கு

வராதவர் தாமே வேலையை விட்டுவிட்டார் என்று கொள்ளலாமே, அவருக்கு விசாரணை எதற்கு என்று சிலர் வினவுகிறார்கள். இவ்வினாவுக்கு விடை தந்தது 1965ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஜெய்சங்கர் எதிர் இராஜஸ்தான் மாநிலம் என்னும் வழக்கு.

ஜோத்பூர் மத்தியச் சிறையில் தலைமைக் காவலராக இருந்தவர் 1950ஆம் ஆண்டில் இரண்டு மாத விடுப்பில் சென்றார். உடல்நிலையைக் காட்டி நீட்டிப்புக் கோரினார்; கிடைக்கவில்லை. விடுப்பு முடிந்த பின் ஒரு மாதத்திற்கு மேல் அனுமதியின்றி வராதவர் தம் பதவியைத் துறந்தவராகக் கருதப்படுவார் என்று அங்கே ஒரு பணிவிதி இருந்தது. அதைக் காட்டி, விசாரணை எதுவுமின்றி அவரை வேலையிலிருந்து விலக்கினார்கள். உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. பெயர் எதுவாக இருந்தாலும் இது பதவி நீக்கமே. வராமைக்குத் தண்டனையாக ஒருவரை அகற்றுவதானால் காரணம் காட்ட வாய்ப்பு அளித்தே ஆகவேண்டும். விதியில் "தானாகவே பதவி போகும்" என்று எழுதிவைத்தாலும் 311ஆவது பிரிவை அது மீற முடியாது என்பது தீர்ப்பின் சாரம்.

தொழிற்சாலைகளின் நிலை முதலில் வேறாக இருந்தது. சென்னைப் பக்கிங்ஹாம் கர்நாடிக் ஆலையின் நிலையாணைப்படி, தொடர்ந்து எட்டு வேலைநாள் விடுப்பின்றி வராத தொழிலாளி வேலையை விட்டவராகக் கருதப்பட்டார். 1960களின் தொடக்கத்தில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லும் என்றது. ஆனால் 1993இல் டி. கே. யாதவ் வழக்கில், அத்தகைய நிலையாணைக்குள்ளும் இயற்கை நீதியைச் சேர்த்தே படிக்க வேண்டும் என்று கூறிற்று. அந்தத் தொழிலாளி, "நான் நாள்தோறும் வந்தேன், வாயிலில் என்னை உள்ளே விடவில்லை" என்று சொன்னவர். கேளாமலே நீக்கியிருந்தால் இந்த உண்மையை எங்ஙனம் அறிவது? மீண்டும் வேலையும், இடைக்காலச் சம்பளத்தில் பாதியும் அவருக்குக் கிடைத்தன. சிமெண்ட் ஆலைகள் நிறைந்த அரியலூர்ப் பக்கத்தில் இத்தீர்ப்பு பல வீடுகளுக்குப் பயன்படுவதாகும்.

வேண்டுமென்றே வரவில்லையா?

வரவில்லை என்பது ஒரு செய்தி. வேண்டுமென்றே வரவில்லை என்பது வேறொரு செய்தி. இந்த வேறுபாட்டை 2012ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஒன்று தெளிவாக்கிற்று. மத்திய உளவுத்துறையின் பாதுகாப்பு உதவியாளர் ஒருவர் அனுமதியின்றி வரவில்லை என்று பதவி நீக்கப்பட்டார். நோய், விபத்து, மருத்துவமனையில் இருத்தல் போன்ற, தம் சக்திக்கு மீறிய காரணங்களால் ஒருவர் வர இயலாது போகலாம். வராமை வேண்டுமென்றே நிகழ்ந்தது என்று விசாரணையில் நிலைநாட்டினால் அன்றி அதைக் குற்றமாகக் கொள்ளலாகாது என்று நீதிமன்றம் கூறிற்று. நீக்கம் ரத்தாயிற்று, சம்பளப் பாக்கியில் பாதியைத் தரும்படி உத்தரவாயிற்று.

இத்தீர்ப்பைப் படித்து, எவ்வளவு நாள் வராதிருந்தாலும் பயமில்லை என்று ஊழியர் எவரும் எண்ண வேண்டா. 2014ஆம் ஆண்டில் வந்த சென்னைக் குடிநீர் வாரிய வழக்கையும் சேர்த்துப் படித்தல் வேண்டும். அவ்வாரியத்தின் பொறியாளர் ஒருவர் 1995 ஆகஸ்டு முதல் ஓராண்டுக்கு மேலாகப் பணிக்கு வரவில்லை. வாரியம் திரும்பத் திரும்பக் கடிதம் எழுதிற்று. வருவதாக உறுதி கூறியும் அவர் வரவில்லை. பின்னர் குற்றச்சாட்டு, விசாரணை, பதவி நீக்கம் என முறைப்படி நடந்தன. அவரோ ஏறக்குறைய நான்கு ஆண்டு தாமதித்தே உயர் நீதிமன்றத்தை அணுகினார். தண்டனை மிகையானது என்று கருதிய உயர் நீதிமன்றம், அவரை மீண்டும் சேர்த்துக்கொள்ளச் சொல்லிற்று. உச்ச நீதிமன்றம் அதை மாற்றி, நீக்கம் செல்லும் என்று தீர்ப்பளித்தது. பொறுப்பான பதவி, பலமுறை கடிதம் எழுதியும் அசையாமை, நீதிமன்றத்தை அணுகுவதில் தாமதம் ஆகியவற்றை அது எடுத்துக்காட்டிற்று.

இவ்வழக்குகளை அருகருகே வைத்துப் பாருங்கள். ஜோத்பூரில் அரசு விசாரணையே நடத்தவில்லை, தோற்றது. உளவுத்துறை வழக்கில் விசாரணை நடந்தது, வேண்டுமென்றே வரவில்லை என்பது நிலைநாட்டப்படவில்லை, தோற்றது. சென்னையில் கடிதம் மேல் கடிதம், பின் விசாரணை, வாரியம் வென்றது. வென்றதும் தோற்றதும் உத்தரவுக்கு முன்பு எழுதிவைத்த தாள்களைப் பொறுத்தே என்பதை நாம் மறவாதிருப்போமாக.

நாம் கண்ட ஓர் ஊராட்சி

நாம் பணியாற்றிய ஒன்றியம் ஒன்றில், ஓர் ஊராட்சியின் தொட்டி இயக்குபவர் 43 நாள் வரவில்லை. மன்றம் கூடி, அவரை நீக்கியதாகத் தீர்மானம் எழுதிற்று. அறிவிப்பு அனுப்பவில்லை, வீட்டுக்கும் ஆள் அனுப்பவில்லை. தீர்மான நகல் நம் அலுவலகத்திற்கு வந்தபோது நாமும் அதைப் பார்த்துவிட்டுக் கோப்பில் வைத்தோம். அது நம் தவறு.

பத்து நாள் கழித்து அவர் மெலிந்த உடலோடு வந்து நின்றார். முதல் முப்பது நாள் மஞ்சட்காமாலையால் வெளியூர் மருத்துவமனையில் இருந்திருக்கிறார். அதற்குரிய சீட்டுகள் கையில் இருந்தன. அவர் மனைவி எழுதிக்கொடுத்த விடுப்புக் கடிதம் ஊராட்சி அலுவலகத்தில் வரி ரசீதுப் புத்தகத்தினுள் செருகியபடியே கிடந்தது. எஞ்சிய பதின்மூன்று நாள் பற்றிக் கேட்டபோது, உடல் தேறியபின் தமக்கை ஊரில் அறுவடைக்குச் சென்றதாக அவரே ஒப்புக்கொண்டார்.

தீர்மானம் விலக்கிக்கொள்ளப்பட்டது. முறைப்படி விளக்கம் கோரி அறிவிப்புத் தரப்பட்டது. முப்பது நாளைக் குற்றமாகக் கொள்ளவில்லை. பதின்மூன்று நாளுக்குச் சம்பளமில்லை என்றும், கண்டனம் என்றும் முடிவாயிற்று. அவர் அதை ஏற்றுக்கொண்டார். மறுநாள் காலை தொட்டியில் நீர் ஏறிற்று. முதல் தீர்மானமே நின்றிருந்தால் வழக்குச் சென்னைக்குப் போயிருக்கும். ஊராட்சிப் பணம் வழக்குக்குச் செலவாகியிருக்கும். நோயாளி ஒருவரைக் கேளாமலே தண்டித்த பழியும் நம்மைச் சேர்ந்திருக்கும்.

செய்ய வேண்டிய முறை

முதலாவது, வருகைப் பதிவேடு. வராத நாளில் கட்டத்தைக் காலியாக விடாமல், "வரவில்லை" என்று அன்றே எழுதிப் பொறுப்பாளர் கையொப்பமிட வேண்டும். காலிக் கட்டத்தைப் பின்னர் எவரும் நிரப்பலாம். ஆகையால் நீதிமன்றத்தில் அதற்கு மதிப்பில்லை.

இரண்டாவது, அறிவிப்பு. சில நாள் வராதபோதே, இன்ன நாள் முதல் வரவில்லை, இன்ன நாளுக்குள் பணியில் சேர்ந்து விளக்கம் தருக என்று பெற்றுக்கொண்டதற்குச் சான்று கிடைக்கும் வகையில் தபாலில் எழுதுதல் வேண்டும். கடிதம் திரும்பி வந்தால் அந்த உறையைப் பிரிக்காமல் கோப்பில் வைக்கவும். கடைசியாக வாழ்ந்த வீட்டின் கதவில் இரு சாட்சிகள் முன்னிலையில் அறிவிப்பை ஒட்டலாம். தேவையெனில் செய்தித்தாளிலும் வெளியிடலாம்.

மூன்றாவது, விளக்கத்தைப் படித்து முடிவு செய்தல். காரணம் மெய்யானால் விதிப்படி விடுப்பு அளித்து விஷயத்தை முடிக்கலாம். இல்லையெனில் ஒழுங்கு நடவடிக்கை எடுக்கலாம். வேலைக்கு வழங்கும் அதிகாரிக்கு இவ்விரு வழியும் உண்டு என்பதைப் பஞ்சாப் மருத்துவர் ஒருவரின் வழக்கில் 2008ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் விளக்கியுள்ளது. எவ்வழி என்பதைக் காரணத்துடன் கோப்பில் எழுதுதல் முக்கியம்.

நான்காவது, குற்றச்சாட்டும் விசாரணையும். தமிழ்நாடு அரசு ஊழியருக்குக் குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகள் உண்டு. அவற்றின் 17(அ) விதி கண்டனம், ஊதிய உயர்வை நிறுத்தல் போன்ற சிறு தண்டனைகளுக்கு உரியது. 17(ஆ) விதி பதவி இறக்கம், பணிநீக்கம் போன்ற பெருந்தண்டனைகளுக்கு உரியது. பின்னதில் வாய்மொழி விசாரணைக்கு ஊழியருக்கு உரிமை உண்டு. குற்றச்சாட்டில், "அடிக்கடி வருவதில்லை" என்று பொதுப்பட எழுதுதல் போதாது. நாள் குறித்து எழுதுதல் வேண்டும். வேண்டுமென்றே வரவில்லை என்பதற்கு அடிப்படை எது என்பதும் அதில் இருத்தல் வேண்டும்.

அழைத்தும் ஊழியர் வரவில்லையானால் அவர் இல்லாமலே விசாரணை நடத்தலாம். அப்போதும் சாட்சியையும் பதிவேட்டையும் பார்த்தே முடிவுக்கு வருதல் வேண்டும். வரவில்லை என்பதால் குற்றம் தானே மெய்யாகிவிடாது.

ஐந்தாவது, காலம். விசாரணையை ஆறு மாதத்திற்குள் முடிக்க முயல வேண்டும் என்றும், தவிர்க்க இயலாத நிலையிலும் ஓராண்டைத் தாண்டலாகாது என்றும் 2015ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் அறிவுறுத்தியது. முறையாகச் செய்வது தாமதம் என்று பலர் எண்ணுகிறார்கள். முறை தவறிய உத்தரவு நீதிமன்றத்திலிருந்து திரும்பி வரும் காலத்தோடு ஒப்பிட்டால், ஆறு மாதம் சிறு காலமே.

இதற்கிடையே ஊர்ப்பணி நின்றுவிடலாகாது. வராதவரின் பதவி, உத்தரவு வரும்வரை காலியான பதவியன்று. ஆகவே பக்கத்துப் பணியாளரிடம் கூடுதல் பொறுப்பு அளிக்கலாம். அல்லது தற்காலிக ஏற்பாடு செய்யலாம். அவசரப்பட்டு நிரந்தரமாக வேறொருவரை அமர்த்தினால், பின்னர் ஒரு பதவிக்கு இருவர் நிற்பர். இருவருக்கும் மனக்குறை உண்டாகும்.

நீதிமன்றத்தை அணுகும் வழி

தண்டனை பெற்ற ஊழியர் முதலில் துறையின் மேல் அதிகாரியிடம் உரிய காலத்திற்குள் மேல்முறையீடு செய்தல் வேண்டும். அதிலும் நியாயம் கிடைக்கவில்லையெனில் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு செய்யலாம். அரசு ஊழியர் வழக்குகளுக்கென 1988 முதல் தமிழ்நாட்டில் தனித் தீர்ப்பாயம் இருந்தது. 2006இல் அது கலைக்கப்பட்ட பின் அவ்வழக்குகள் உயர் நீதிமன்றத்திற்கே வந்தன.

நம் பகுதியார் இங்கே ஒன்றை அறிதல் வேண்டும். பெரம்பலூரும் அரியலூரும் முன்னர் திருச்சிராப்பள்ளி மாவட்டத்தில் அடங்கியிருந்தவை. திருச்சி வழக்குகள் 2004இல் திறக்கப்பட்ட மதுரைக் கிளைக்குச் செல்கின்றன. நம் இரு மாவட்ட வழக்குகளோ சென்னைக்கே செல்கின்றன. திருச்சி உறவினர் சொன்னார் என்று மதுரைக்குப் புறப்பட்டுவிட வேண்டா.

உயர் நீதிமன்றம் மீண்டும் ஒரு விசாரணை நடத்தும் இடமன்று. முறை பின்பற்றப்பட்டதா, முடிவுக்குச் சான்று இருந்ததா, தண்டனை குற்றத்திற்கு மிக விஞ்சியதா என்பவற்றையே அது பார்க்கும். குற்றம் உண்டா இல்லையா என்பதை மேல்முறையீட்டு அதிகாரிபோல் எடைபோடுதல் தன் வேலையன்று என்று 1995இலேயே உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. உத்தரவு ரத்தானாலும், பல சமயம் விசாரணையைப் பழுதான இடத்திலிருந்து மீண்டும் நடத்த அனுமதி கிடைக்கும். ஆகவே ரத்து என்றதும் எல்லாம் முடிந்தது என்று அலுவலகமும் இருத்தலாகாது.

ஊராட்சி உறுப்பினர் செய்யக்கூடியவை

ஊராட்சி ஊழியர் விஷயத்தில் செயல் அதிகாரி ஊராட்சித் தலைவரே. தேர்ந்த மன்றம் இல்லாத காலத்தில் தனி அலுவலர் அப்பொறுப்பில் இருப்பார். ஆசிரியர், செவிலியர், கிராம நிர்வாக அலுவலர் முதலியோரைத் தண்டிக்க ஊராட்சிக்கு அதிகாரமில்லை. ஆனால் உண்மையைப் பதிவு செய்யும் ஆற்றல் உறுப்பினர்க்கு நிறைய உண்டு.

"பல மாதமாக வரவில்லை" என்று எழுதாமல், இன்ன இன்ன நாள்களில் துணைச் சுகாதார நிலையம் பூட்டியிருந்தது என்று நாள் குறித்து எழுதுங்கள். கிராம சபையில் தீர்மானம் செய்து துறை அதிகாரிக்கு அனுப்புங்கள். திங்கட்கிழமை குறைதீர் நாளில் ஆட்சியரிடமும் கொடுங்கள். 2005ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டத்தின்படி, எடுத்த நடவடிக்கை யாது என்று கேட்கலாம். விசாரணைக்குச் சாட்சியாக அழைத்தால் தவறாது செல்லுங்கள். புகார் கொடுக்க நூறு பேர் வந்து, சாட்சி சொல்ல ஒருவரும் வராத காரணத்தால் நிலைக்காமற்போன குற்றச்சாட்டுகளை நாம் அறிவோம்.

புகார் எழுதுமுன் ஒருமுறை அந்த ஊழியரின் வீட்டுக்கும் சென்று வாருங்கள். அவர் நோயாளியா, துயரத்தில் உள்ளவரா, அல்லது வேறெங்கோ தொழில் செய்பவரா என்பது அங்கே பெரும்பாலும் தெரிந்துவிடும். நோயாளியானால் விடுப்பு விண்ணப்பம் எழுத உதவுங்கள். வேறு தொழில் செய்பவரானால், கண்டதை நாளும் இடமும் குறித்து எழுதிவைத்துச் சாட்சி சொல்லுங்கள்.

பள்ளியின் கதவு திறந்திருப்பதும், தொட்டி நிறைந்திருப்பதும், செவிலியர் வீட்டுக்கு வருவதும் கிராம மக்களின் உரிமை. தம்மைக் கேட்ட பின்னரே தண்டிக்க வேண்டும் என்பது ஊழியரின் உரிமை. தேதி எழுதிய பதிவேடும், உரிய காலத்தில் அனுப்பிய அறிவிப்பும், நேர்மையான விசாரணையும் இவ்விரு உரிமைகளையும் ஒருங்கே காக்கும். அடுத்த கிராம சபை கூடுமுன் தங்கள் ஊராட்சியின் வருகைப் பதிவேட்டை ஒருமுறை திறந்து பார்க்குமாறு உறுப்பினர் அனைவரையும் கேட்டுக்கொள்கிறோம்.